பெயருக்கு நடுவில் ஒரு விக்கல்

ஊமிராத் துறையில் யாராவது “நெவோரா!” என்று கத்தினால் திரும்பிப் பார்ப்பவள் நான். எத்தனை தரம் கத்தினாலும் திரும்பாதவள் என் பக்கத்து வீட்டுக்காரி. கூப்பிடுவது அவளைத்தான் என்று எனக்குத் தெரிந்தாலும் என் கழுத்துக்குத் தெரிவதில்லை. அது பாட்டுக்குத் திரும்பிவிடும். இப்படி அவளுக்கு வந்த நண்டு, அவளுக்கு வந்த திட்டு, ஒரு தடவை அவளுக்கென்று எவனோ பாடிய காதல் பாட்டு, எல்லாம் என் தலையில் வந்து விழுந்திருக்கின்றன. நண்டைத் தவிர மற்றதையெல்லாம் உரியவளிடம் சேர்த்துவிட்டேன்.

அவள் திரும்பாததைத் திமிர் என்று சொல்பவர்கள் உண்டு. திமிர் எனக்குத்தான், அவளுக்குக் கிடையாது. நெவோரா என்பது என் பெயர், அவள் பெயரே இல்லை. அவள் பெயர் நெவோ-ஹிக்-ரா. நடுவில் வருவது விக்கல். பெயர்ப்பாறையில் அப்படித்தான் வெட்டியிருக்கிறது.

அவள் அப்பா தொர்மோ, விலாங்கு மீனைப் புகைபோட்டு விற்றவர். தலைச்சன் பெண் பிறந்த சந்தோஷத்தில், பெயர் சொல்லப் பாறைக்குப் போகிற வழியில் எங்கள் கடையில் நின்றார். எங்கள் செம்பாசி ஊறுகாயைக் கூழோடு தொட்டுக்கொள்ளவே கொஞ்சம் தைரியம் வேண்டும். மனுஷர் வெறும் வாயில் ஒரு கை அள்ளிப் போட்டுக்கொண்டு போனார். பாறைக்கு முன்னால் நின்றார், வாயைத் திறந்தார், “நெவோ-ஹிக்-ரா” என்றார். பெயர்வெட்டி பாந்தோவின் சுத்தியல் இறங்கிவிட்டது.

“யோவ், அது விக்கல்யா!” என்று தொர்மோ அலறினார்.

“கேட்டுச்சு. நல்லாவே கேட்டுச்சு” என்றார் பாந்தோ. விக்கல் குறி தூண்டில் முள் மாதிரி இருக்கும். அதன் வளைவில் தங்கிய கல்தூளை அவர் ஊதிக்கொண்டிருந்தார்.

பாந்தோவைக் குறை சொல்ல முடியாது. வாய்க்கோடு எழுதுவது என்றாலே அதுதானே. உதடு ஒட்டினால் இரட்டைக் கோடு, நாக்கு அண்ணத்தைத் தொட்டால் வளைவு, இருமலுக்கு ஒரு குறி, கொட்டாவிக்கு ஒன்று, பெருமூச்சுக்கு ஒன்று. வாயிலிருந்து என்ன வந்ததோ அதுதான் எழுத்து. மனசில் நினைத்ததை எழுதுகிற ஊர்களும் இருப்பதாக வெளியூர்ப் படகுக்காரர்கள் சொல்கிறார்கள். அங்கெல்லாம் ஒருவரையொருவர் எப்படி நம்பிக் குடித்தனம் நடத்துகிறார்களோ தெரியவில்லை. எங்கள் ஊரில் பாய் முடைகிற போரனுக்கு முழுப்பெயர் கொஞ்சமிருபோரன். அவன் அப்பா பாறைக்கு முன்னால் தொண்டையைச் செருமிக்கொண்டு, “கொஞ்சம் இரு” என்று பாந்தோவிடம் சொன்னதன் பலன். அந்தச் செருமலும் பெயரில் இருக்கிறது. போரன் நல்ல பிள்ளை, எப்படிக் கூப்பிட்டாலும் வருவான்.

பிடிக்காத குறியைத் தேய்த்தும் எடுக்கலாம். பெயருக்குரியவர் தன் கையால் மணலைப் போட்டுத் தேய்த்தால் போதும், யாரும் கேட்கமாட்டார்கள். ஆனால் குழந்தை வளர்ந்து மணலள்ளும் வயசு வரும் வரைக்கும் அவளைக் கூப்பிட்டாக வேண்டுமே. தொர்மோ, “நான் போட்ட விக்கல், நானே சுமக்கிறேன்” என்று சொல்லிவிட்டு, நினைத்த நேரத்தில் விக்கப் பழகினார். அதற்காக எங்கள் ஊறுகாயை அவர் தின்ற தினுசைப் பார்த்து என் அம்மாவே பயந்துபோனாள். பிறகு ஊறுகாய் இல்லாமலே வந்தது. புகைக்கூடத்து வாசலில் நின்று அவர் “நெவோ-ஹிக்-ரா!” என்று ஒரு குரல் கொடுப்பார். அந்தப் பொடிசு எந்தப் படகுக்கு அடியில் கிடந்தாலும், “வந்துட்டேம்ப்பா!” என்று ஓடி வரும்.

பிறகு புகைக்கூடத்து இருமல் அவரைக் கொண்டுபோய்விட்டது. அப்போது அவள் பாவாடை தடுக்கி விழுகிற வயசு. அம்மா அவளைப் பாப்பா என்பாள். கூட்டாளிகள் விக்கல் என்பார்கள். மற்றவர்கள் சோம்பல்பட்டு நெவோரா என்பார்கள், நான் திரும்புவேன். நான் அவளைச் சின்னவளே என்று கூப்பிடுவேன். மணலள்ளும் வயசு வந்தது, அதைத் தாண்டியும் போனது. அவள் பாறைப் பக்கம் கையை நீட்டவில்லை.

வளர்ந்ததும் கடிதம் படிக்கிற வேலைக்கு வந்தாள். வாய்க்கோடு எங்கள் ஊரில் எல்லோருக்கும் தெரியும். ஆனால் நான் படித்தால் கடிதம் படிப்பதுபோல் இருக்கும், அவள் படித்தால் எழுதியவரே வந்து நிற்பார். துறை மேட்டில் மீன்கூடைகளுக்கு நடுவே ஒரு பலகையைப் போட்டு உட்கார்ந்துகொள்வாள். சளி பிடித்த மருமகன் எழுதினால் அவள் மூக்கு அடைக்கும். பல் போன கிழவர் எழுதினால் காற்றாகப் போகும். தும்மல் வருகிற வரியில் முன்னால் இருப்பவர்கள் முகத்தைத் துடைத்துக்கொள்வார்கள். அடுத்தவர் இருமலை ஒன்று பாக்கியில்லாமல் இருமுகிற அந்தப் பெண்ணை, அவள் பெயரைச் சொல்லிக் கூப்பிட ஊரில் ஒரு வாய் இல்லை. இதை அப்போது நான் யோசித்ததில்லை.

இசோமு அங்கேதான் மாட்டினான். எண்ணெய்ச் செக்கில் வேலை பார்க்கிற பையன், நாலு பேர் பார்த்தால் காது சிவந்துவிடும். அவனுடைய அண்ணன் தூரத் தீவுக்குப் போனவன், திக்குவாய். அவன் கடிதத்தை யார் படித்தாலும் மரியாதை என்று நினைத்துத் திக்கலை விழுங்கிவிட்டுப் படிப்பார்கள். நெவோ-ஹிக்-ரா ஒரு திக்கலையும் விடவில்லை. கேலியும் இல்லை, பரிதாபமும் இல்லை. “அ-அ-அம்மா, ந-நல்லா இருக்கேன்” என்று அவள் படித்தபோது, பையனின் அம்மா கப்ரேனா முக்காட்டைக் கடித்துக்கொண்டு அழுதாள். இசோமு, “அண்ணன் வந்துட்டாம்மா, அண்ணன் வந்துட்டான்” என்று சிரித்தான். அதன் பிறகு அண்ணனுடைய பழைய கடிதங்களை எல்லாம் ஒவ்வொன்றாகத் தூக்கிக்கொண்டு தினமும் துறை மேட்டுக்கு வந்தான். மனப்பாடமான கடிதத்தைப் படித்துக் காட்டச் சொல்பவன் எதற்கு வருகிறான் என்று மீனுக்குக்கூடத் தெரிந்துவிட்டது.

கல்யாணப் பேச்சு வந்தது. கப்ரேனாவுக்குப் பெண்ணைப் பிடித்திருந்தது. பெண்ணின் பெயரைத்தான் பிடிக்கவில்லை.

“என் வீட்டு வாசல்ல நின்னு எம்புள்ள விக்கிக்கிட்டே பொண்டாட்டியைக் கூப்பிடுவானா? காலங்காத்தால குடிச்சிருக்கான்னு ஊரு சொல்லாது? ஒரு கை மணலைப் போட்டுத் தேச்சா முடிஞ்சுது.”

“தேய்க்க மாட்டேன் அத்தை” என்றாள் அவள்.

“சின்னக் கொக்கிடி அது. தேச்சா தெரியக்கூடத் தெரியாது.”

“எனக்குத் தெரியுமே.”

கப்ரேனா என்னைப் பார்த்தாள். நான் கூரையைப் பார்த்தேன். சின்னவள் இசோமுவிடம் திரும்பி நேராகவே சொன்னாள்: “பாறைக்கு முன்னாடி எம்பேரை முழுசா சொல்லு. சொன்னா கல்யாணம். சொல்லலைன்னா நான் கடிதம் படிச்சுக்கிட்டு இருக்கேன், நீ எண்ணெய் ஆட்டிக்கிட்டு இரு. கோவமெல்லாம் இல்ல.”

கோபம் இல்லை என்று ஒரு பெண் இவ்வளவு மெதுவாகச் சொன்னால் என்ன அர்த்தம் என்று அவனுக்கும் புரிந்தது.

அன்றிலிருந்து செக்குக் கொட்டகையில் விக்கல் பயிற்சி. கோவேறு கழுதை மிரண்டு எண்ணெயைக் கொட்டியது. மூச்சை அடக்கிப் பார்த்தான், தண்ணீரைத் தலைகீழாகக் குடித்துப் பார்த்தான், இதெல்லாம் விக்கலை நிறுத்துகிற வழி என்று அவனுக்கு யாரும் சொல்லவில்லை. ஒருநாள் பெருமையோடு என் கடைக்கு வந்து, “அக்கா, இதக் கேளு” என்று “ஹூக்” என்றான்.

“நாய்க்குட்டி நல்லா இருக்கு. விக்கல் எங்க?”

“வந்துரும்க்கா.”

“ஒரு வாய் செம்பாசி போட்டுக்கடா. தொர்மோவுக்கே வேலை செஞ்சது.”

“ஐயோ, அம்மா கொன்னுரும்.” அந்தப் பெயரைக் கேட்ட நாளிலிருந்து கப்ரேனா என் ஊறுகாயைத் தன் வீட்டு வாசல்படி ஏற விட்டதில்லை. “நானே பழகிருவேன். அவ அப்பா பழகலையா?” என்றான் அவன். அந்த வார்த்தைக்காகவே எனக்கு அவனைப் பிடித்துப்போனது. ஆனால் விக்கல் மட்டும் நாய்க்குட்டியாகவே இருந்தது.

கல்யாணத்தன்று காலையில் கடல் உள்வாங்கி, பாறை அடிவரைக்கும் தெரிந்தது. ஊரே மணலில் நின்றது. நான் பந்திக்கு வைக்க ஊறுகாய்ச் சட்டியை இடுப்பில் வைத்துக்கொண்டு முன்வரிசைக்கு இடித்துத் தள்ளி வந்திருந்தேன். மாப்பிள்ளை ஒரே மூச்சில் தன் பெயரையும் பெண்ணின் பெயரையும் சொல்ல வேண்டும். பாந்தோ வெட்டுவார். கல்யாணக் கோட்டில் எப்படி விழுகிறதோ அதுதான் அதன் பிறகு இருவருக்கும் பெயர், அதுதான் குடும்பம்.

இசோமுவின் காது சிவந்தது, கழுத்து சிவந்தது. மூச்சை இழுத்தான்.

“நான் இசோமு, நெவோ...”

வாயைத் திறந்தபடி நின்றான். எல்லோரும் அவனோடு சேர்ந்து வாயைத் திறந்துகொண்டு நின்றோம். விக்கல் வரவில்லை, நாய்க்குட்டிகூட வரவில்லை. மூச்சுத்தான் தீர்ந்துபோனது.

“...ரா” என்றான், ஈனஸ்வரத்தில்.

டொக். பாந்தோவின் சுத்தியல் யாருக்காகவும் காத்திருக்காது.

“இசோமு, நெவோரா” என்று வெட்டியதைப் படித்துவிட்டு, பாந்தோ தலையைத் தூக்கினார். “எந்த நெவோரா?”

ஊரில் நெவோரா மூன்று பேர். ஒருத்திக்குப் புருஷன் இருக்கிறான். ஒருத்திக்கு இன்னும் பல் முளைக்கவில்லை. என் புருஷன் கடலோடு போய்ப் பல காலமாகிறது. எல்லாத் தலைகளும் மெதுவாக என் பக்கம் திரும்பின. வழக்கம்போல நானும் திரும்பிப் பார்த்தேன், எனக்குப் பின்னால் யாருமில்லை.

இப்படியாக நான் இடுப்பில் ஊறுகாய்ச் சட்டியோடு இரண்டாம் கல்யாணம் செய்துகொண்டேன்.

“அக்கா...” என்றான் இசோமு. அழுதுவிடுவான் போலிருந்தது.

“அக்காவா? கட்டுன பொண்டாட்டியை எவன்டா அக்காங்கறது?”

கூட்டம் சிரித்த சிரிப்பில் கடற்காக்கைகள் பறந்துபோயின. கப்ரேனா மணலில் தொப்பென்று உட்கார்ந்தாள். அவளும் நானும் ஒரே வருஷம் நீச்சல் பழகியவர்கள். “நெவோரா, நீ நல்லா இருப்ப, கோட்டை அழிச்சிரு” என்றாள்.

“பேர் சொல்லியா கூப்பிடறீங்க அத்தை? மருமகளேன்னு வாய் நிறையக் கூப்பிடுங்க. எங்க அறை எது, கடலைப் பார்த்த அறைதானே?”

அழிக்கலாம், வழி இருக்கிறது. தண்ணீர் ஏறிக் கோட்டை நனைப்பதற்குள், பெண்டாட்டியாகிவிட்டவள் கட்டைவிரலை நக்கி, ‘வாய் தவறியது’ என்று சொல்லிக் கோட்டின் மேல் இழுத்தால் போதும், அந்த இழுப்பையும் பெயர்வெட்டி வெட்டிவிடுவார். அவள் மட்டும்தான் செய்ய முடியும். அதற்குள் இன்னும் கொஞ்ச நேரம் விளையாடலாம் என்றிருந்தேன். அப்போதுதான் சின்னவள் சிரிக்கவில்லை என்பதைப் பார்த்தேன்.

அவள் தலையிலிருந்த சிப்பி மாலையைக் கழற்றிக்கொண்டிருந்தாள். “கோட்டை நீ அழிச்சாலும் அழிக்காட்டியும் ஒண்ணுதான்க்கா” என்றாள். “அவன் கூப்பிட்டது என்னை இல்ல.”

“பயந்துட்டான்டி. இன்னொரு தரம் சொல்லட்டும்.”

“என்னத்தைச் சொல்வான்? எங்கப்பா போனதுக்கப்புறம் என்னை ஒருத்தரும் கூப்பிட்டதே இல்லக்கா. இவனாவது கூப்பிடுவான்னு நினைச்சேன்.” மாலையை என் கையில் திணித்துவிட்டு மேட்டைப் பார்த்து நடக்க ஆரம்பித்தாள்.

பக்கத்து வீட்டில் இருந்துகொண்டு, அவள் கேட்காத பெயருக்கெல்லாம் நான் திரும்பியிருக்கிறேன். அவள் எந்தப் பெயருக்காகக் காது வைத்துக்கொண்டிருந்தாள் என்று எனக்கு உறைக்கவே இல்லை. விளையாட்டெல்லாம் போய், கோபம் வந்தது. எனக்குக் கோபம் வந்தால் வேலை நடக்கும்.

“பாந்தோ, புதுப்பொண்டாட்டி புருஷனுக்கு ஒரு வாய் ஊட்டற வழக்கம் இருக்கா இல்லையா?”

“இருக்கு.”

“டேய், வாயைத் திற.”

“ஐயையோ, ஊறுகாய்!” என்று கப்ரேனா எழுந்து ஓடி வருவதற்குள், சட்டியிலிருந்து ஒரு கை அள்ளி அவன் வாயில் அடைத்துவிட்டேன். வெறும் வாயில், கூழ்கூட இல்லாமல். அவன் கண் பிதுங்கியது. காது சிவப்பதை எல்லாம் தாண்டி வேறொரு நிறத்துக்குப் போனது. நான் கட்டைவிரலை நக்கி, “வாய் தவறியது” என்று கோட்டின் மேல் ஓர் இழுப்பு இழுத்தேன். என் இரண்டாம் கல்யாணம் முடிந்தது. முதல் கல்யாணத்தைவிட நிம்மதியாகவே முடிந்தது.

“ஹிக்” என்றான் இசோமு. நாய்க்குட்டி இல்லை, அசல்.

“ஓடுடா!” என்றேன்.

ஓடினான். அவள் பாதி மேடு ஏறிவிட்டாள். “நெ-ஹிக்-வோரா!” என்றான். அவள் திரும்பவில்லை. “நெவோரா-ஹிக்!” என்றான். திரும்பவில்லை. என் கழுத்து மட்டும் இரண்டு தரமும் துடித்தது. ஊர் மொத்தமும் ஆளுக்கு ஒரு யோசனையைக் கத்தியது. இசோமு ஓடுவதை நிறுத்தினான். விக்கலைத் துரத்திப் பிடிக்க முடியாது, அது வருகிற இடத்தில் பெயரைத் திறந்து வைத்துக்கொண்டு காத்திருக்கத்தான் வேண்டும் என்று அவனுக்கு அந்த நேரத்தில்தான் புரிந்தது என்று நினைக்கிறேன்.

“நெவோ” என்றான். நின்றான். மூச்சுவிடவில்லை. கண்ணில் தண்ணீர் வழிந்தது, வாய் திறந்தபடியே இருந்தது. அவள் நடந்துகொண்டே இருந்தாள். கூட்டம் சத்தத்தை நிறுத்திவிட்டது. எனக்கே மூச்சு முட்டியது.

“ஹிக்” என்று வந்தது. “ரா!” என்றான்.

அவள் நின்றாள். திரும்பினாள். தொர்மோ போன பிறகு இத்தனை வருஷத்தில் அந்தத் துறையில் யார் கூப்பிட்டும் அவள் திரும்பி நான் பார்த்ததில்லை.

“என்ன?” என்றாள், சாதாரணமாக, பக்கத்து அறையிலிருந்து கேட்பவள் மாதிரி. பிறகு முகம் கோணி, அங்கேயே நின்று அழுதாள்.

தண்ணீர் பாறையின் காலுக்கு வந்துவிட்டது. பாந்தோ சுத்தியலோடு, “சீக்கிரம், சீக்கிரம்” என்றார். இசோமு அவளை இழுத்துக்கொண்டு வந்து பாறைக்கு முன்னால் நின்றான். விக்கல் இப்போது அவனுக்குச் சொந்தக்காரன் வீட்டுக்கு வருவதுபோல வந்து போய்க்கொண்டிருந்தது. மூச்சை இழுத்தான்.

“நான் இசோ-ஹிக்-மு, நெவோ...” காத்திருந்தான். “...ஹிக்-ரா.”

டொக். டொக். பாந்தோ இரண்டு கொக்கிகளையும் வெட்டி, ஊதிவிட்டு, படித்துக் காட்டினார். அவர் படிக்கும்போது விக்கியது நிஜ விக்கலா, மரியாதைக்கு விக்கியதா என்று தெரியவில்லை.

“ஐயோ, எம்புள்ள பேருலயும் விழுந்திருச்சே!” என்றாள் கப்ரேனா.

“தேய்க்கணுமாம்மா?” என்று இசோமு அடுத்த விக்கல் வருவதற்குள் கேட்டான்.

கப்ரேனா பாறையைப் பார்த்தாள், மருமகளைப் பார்த்தாள். நனைந்த முகத்தோடு அவள் சிரித்துக்கொண்டிருந்தாள். “வேணாம். ரெண்டா இருந்தா ஜோடின்னு சொல்லிக்கலாம், ஒண்ணா இருந்தாத்தான் அசிங்கம்” என்றாள் கப்ரேனா. தோற்றதை இவ்வளவு கௌரவமாக ஒப்புக்கொள்பவளை நான் பார்த்ததில்லை.

இப்போது கப்ரேனா வாரம் தவறாமல் என் கடைக்கு வந்து ஊறுகாய் வாங்கிக்கொண்டு போகிறாள். பெற்ற பிள்ளையைக் கூப்பிட வேண்டுமே. அவளுக்கு விக்கல் சரியாக வரவில்லை, இன்னும் ஏப்பமாகத்தான் வருகிறது. மூத்த மகனுக்கு அவள் சொல்லச் சொல்ல எழுதிய கடிதத்தில் அந்த ஏப்பத்தையும் மருமகள் விடாமல் எழுதிவிட்டாள் என்று என்னிடம் வந்து குறை சொன்னாள், சந்தோஷமாக.

கடல் உள்வாங்கும்போது பாறையில் என் கோடும் தெரிகிறது, இசோமு, நெவோரா, மேலே ஓர் இழுப்போடு. போகிற வருகிற படகுக்காரர்கள் படித்துவிட்டு என்னைக் கிண்டல் செய்கிறார்கள். செய்யட்டும்.

கல்யாணமானதும் இசோமு என் பக்கத்து வீட்டுக்கே குடிவந்துவிட்டான். காலையில் அவன் செக்குக்குக் கிளம்புமுன் சுவருக்கு அந்தப் பக்கம் குரல் கேட்கும். “நெவோ” என்பான். கொஞ்சம் நிற்பான். இப்போதெல்லாம் ஊறுகாய் இல்லாமலே வருகிறது. “வந்துட்டேன்” என்று அவள் உள்ளிருந்து சொல்வாள். நான் பாட்டுக்குப் பாசி அலசிக்கொண்டிருப்பேன். என் கழுத்து திரும்புவதே இல்லை. அவன் கூப்பிடுவது என்னை இல்லையே.